சிலுப்பாத கெடா

கொல்லிமலைக்கு மாட்டு டாக்டராக வந்த புதிதில் எல்லோரும் என்னைப் பரிதாபமாகப் பார்த்துக் கேட்ட கேள்வி ஒன்று உண்டு. "வாயில்லாச் சீவனுங்க. அதுக்கு என்ன நோவுன்னு எப்படிங்க கண்டுபுடிப்பீங்க?" வாயில்லாச் சீவனால் எனக்கு ஒருநாளும் தொந்தரவு வந்ததில்லை. வாயுள்ள சீவன்களால்தான் பாடு. மாடு பொய் சொல்லாது. வயிறு வலித்தால் திரும்பித் திரும்பித் தன் விலாவைப் பார்க்கும், பின்னங்காலால் வயிற்றை உதைத்துக்கொள்ளும். குளம்பில் வலி என்றால் காலை மாற்றி மாற்றி ஊன்றும். அதைப் பிடித்துக்கொண்டு வருகிற ஆள்தான், "நேத்து வரைக்கும் நல்லா மேய்ஞ்சுதுங்க" என்பார். நேற்று வரை நன்றாக மேய்ந்த மாட்டுக்கு எலும்பு இப்படித் துருத்திக்கொண்டு நிற்காது. மாட்டுக்கு ஆகாத மரவள்ளித் தோலைக் கூடை கூடையாகக் கொட்டியிருப்பார்கள். கேட்டால் பச்சைப்புல் தவிர வேறெதையும் காட்டவில்லை என்று சத்தியம் செய்வார்கள். ஆகவே ஆளிடம் பேச்சுக் கொடுத்துக்கொண்டே நான் மாட்டைப் பார்ப்பேன். காது அவர்களுக்கு, கண் மாட்டுக்கு.

இந்தப் பழக்கம் விடுமுறை நாளில்கூட என்னை விடுவதில்லை. கல்யாண வீட்டுக்குப் போனால் வாசலில் படுத்திருக்கும் நாய் ஏன் ஒருபக்கமாகவே படுக்கிறது என்று பார்த்துக்கொண்டு நிற்பேன். என் கணவர் தலையில் அடித்துக்கொள்வார். ஆனால் அந்த ஞாயிற்றுக்கிழமை மட்டும் நான் உண்மையாகவே சாப்பிடத்தான் போனேன்.

வளப்பூர் நாட்டுப் பக்கம் ஒரு வீட்டில் கெடா வெட்டு. அந்த வீட்டுப் பசுவுக்குக் கன்று குறுக்கே மாட்டிக்கொண்டபோது தோள்வரை கைவிட்டுத் திருப்பி எடுத்திருந்தேன். அன்றிலிருந்து அந்த வீட்டில் எனக்கு ராஜ மரியாதை. வீட்டில் பெரியவர்கள் மூன்றே பேர். மிளகும் மரவள்ளியும் வைத்துக்கொண்டு, ஒரு பிக்கப் வண்டியும் ஓட்டுகிற கணவன். அடிவாரத்திலிருந்து கட்டிக்கொண்டு வந்த அவனுடைய மனைவி. புருஷன் இறந்தபின் பிறந்த வீட்டுக்கே திரும்பிவிட்ட அவனுடைய அக்கா. தம்பிக்குக் கல்யாணமாகி வருஷக்கணக்காகக் குழந்தை இல்லாமல் இருந்தபோது, குலசாமி கோயிலில் நின்று அக்காதான் வேண்டிக்கொண்டாளாம்: தம்பி வீட்டில் தொட்டில் ஆடினால், என் கையால் வளர்த்த கருப்புக் கெடாவைக் கொண்டுவந்து நிறுத்துகிறேன் என்று.

பெண் குழந்தை பிறந்தது. அக்கா ஒரு கருப்புக் குட்டியை வாங்கி வளர்த்தாள். சாமிக்கு நேர்ந்துவிட்ட கெடாவை யாரும் கல்லால் அடிக்க மாட்டார்கள், கொல்லையில் புகுந்தால்கூட மெல்ல ஓட்டித்தான் விடுவார்கள். அது மலை முழுக்கத் தன் சொத்து என்ற நினைப்பில் திரிந்தது. குழந்தையையும் அக்காதான் பெரும்பாலும் வைத்திருப்பாள். ஒரு இடுப்பில் குழந்தை, பின்னாலேயே கெடா. அவளைத் தேட வேண்டியிருந்தால் கெடாவின் சத்தம் கேட்கும் பக்கம் போனால் போதும்.

அன்றைக்கு வாசலூர்பட்டிப் படகுத்துறைக்கு வந்த கார்களெல்லாம் ரோட்டை அடைத்துக்கொண்டு நின்றதால், நான் கோயிலுக்குப் போய்ச் சேர்ந்தபோது குழந்தைக்கு மொட்டை அடித்து முடித்துவிட்டார்கள். மரத்தடியில் அண்டாக்களில் தண்ணீர் கொதித்துக்கொண்டிருந்தது. மசாலா அரைத்த வாசனை எனக்கு அப்போதே பசியைக் கிளப்பிவிட்டது. மொட்டைத் தலையில் சந்தனத்தோடு அம்மாவின் தோளில் குழந்தை சிணுங்கிக்கொண்டிருந்தது. கெடா மாலையோடு தள்ளி நின்று கத்தியது. கரகரத்து, இழுத்து, தொண்டை கட்டிய ஆள் கூப்பிடுகிற மாதிரிக் கத்தல்.

"காலையில இருந்தே இப்படித்தானுங்க. பொட்டையாட்டைத் தேடுது" என்று யாரோ சொல்ல, எல்லோரும் சிரித்தார்கள்.

கெடாவை வெட்டுவதற்கு முன் சாமியிடம் உத்தரவு கேட்க வேண்டும். பூசாரி மஞ்சள் தண்ணீரைக் கெடாவின் தலையிலும் முதுகிலும் தெளிப்பார். அது உடம்பைச் சிலுப்பினால் சாமி ஏற்றுக்கொண்டது என்று அர்த்தம். சிலுப்பாவிட்டால் சாமிக்கு ஏதோ மனக்குறை. எத்தனையோ கெடா வெட்டுக்குப் போயிருக்கிறேன், சிலுப்பாத கெடாவை நான் பார்த்ததே கிடையாது. மேல் நனைந்தால் எந்த ஆட்டுக்கும் பொறுக்காது. கொஞ்சம் தாமதமானாலும் பூசாரியின் கை கெடாவின் காதுப்பக்கம் போகும். காதுக்குள் நாலு சொட்டு விட்டால் போதும், தலையைப் படபடவென்று உதறிவிடும். அப்படி விடுவது எல்லோருக்கும் தெரியும். சாமிக்கும் தெரிந்திருக்கும், அதுவும் கண்டுகொள்வதில்லை.

பூசாரி தண்ணீர் தெளித்தார். கெடா நின்றது. மறுபடியும் தெளித்தார். முதுகிலிருந்து மஞ்சள் தண்ணீர் சொட்டச் சொட்ட அப்படியே நின்றது. செம்பையே கவிழ்த்தார். கூட்டத்தில் பேச்சு அடங்கியது. பூசாரி என்னைப் போலவே பல கெடாக்களைப் பார்த்தவர். அலட்டிக்கொள்ளாமல் குனிந்து, காதைத் தூக்கி, உள்ளே தண்ணீர் விட்டார். ஒரு காதில் விட்டு, இன்னொரு காதிலும் விட்டார்.

கெடா அசையவில்லை.

காதில் தண்ணீர் போனால் தலையை உதறுவது ஆடு யோசித்துச் செய்கிற காரியமல்ல. தூங்கி வழிகிற ஆடுகூட உதறும். காது சொல்ல, மூளையின் அடித்தண்டு உத்தரவிட, கழுத்து செய்கிற வேலை அது. அந்த உத்தரவு வரவில்லை என்றால் சாமி கோபித்துக்கொண்டிருக்கிறதோ இல்லையோ, கெடாவின் மூளை கெட்டுக்கிடக்கிறது. அதுவரை பசியோடு நின்றிருந்தவள் நான். அந்த நொடியில் மசாலா வாசனை குமட்டிக்கொண்டு வந்தது.

கூட்டம் வேறு கணக்கில் இருந்தது. "ஊட்டுல யாரு மேலயோ குத்தம் இருக்குது" என்றார் பூசாரி. முதலில் திரும்பியது அக்காவின் முகம்தான். அவள் தம்பி மனைவியைப் பார்த்தாள். அவள் பார்த்ததும் எல்லோரும் பார்த்தார்கள்.

"ஏன் கண்ணு, ஊட்டுக்குத் தூரமா இருக்கறயா? மறைக்காம சொல்லு" என்று ஒரு பெரியவர் அத்தனை பேர் நடுவில் கேட்டார்.

"இல்லீங்க" என்றாள் அவள்.

"கீழ்நாட்டுப் புள்ளை. நம்ம சாமி மேல மனசார நம்பிக்கை இருக்கோணுமில்ல" என்று வேறொரு குரல்.

"சாமி சத்தியமா நான் ஒண்ணும் பண்ணலீங்க." கையில் குழந்தையை வைத்துக்கொண்டு அவள் அழ ஆரம்பித்தாள். புருஷன் தரையைப் பார்த்துக்கொண்டிருந்தான். ஒருத்தன் இதையெல்லாம் செல்போனில் பிடித்துக்கொண்டிருந்தான். எனக்கு வந்த கோபத்தில் அந்தச் செம்பைப் பிடுங்கி எல்லோர் காதிலும் தண்ணீர் விட்டிருப்பேன். ஆனால் கண் கெடாவை விட்டு நகர மறுத்தது.

கூட்டத்தை விலக்கிக்கொண்டு கிட்டே போனேன். மாலையை மேயக்கூட முயலாத ஆடு. வாயின் ஓரத்தில் நூலாக எச்சில் இறங்கிக்கொண்டிருந்தது. கீழ்த்தாடை லேசாகத் தொங்கியது. பின்னங்கால்கள் குடித்தவன் கால்களைப் போலத் தள்ளாடின. நான் பார்த்துக்கொண்டிருக்கும்போதே கெடா குனிந்து தன் முன்னங்காலில் ஒரே இடத்தைப் பல்லால் கடித்து இழுத்தது. அந்த இடத்தில் முடி இல்லை, தோல் ரணமாக இருந்தது. நாய் கடித்த இடத்தில்தான் வெறிநோய் வந்த ஆடு இப்படிக் கடித்துக்கொள்ளும்.

"யாரும் தொடாதீங்க! எல்லாரும் தள்ளிப் போங்க!" என்று கத்திவிட்டேன். பூசாரி செம்பைக் கீழே போட்டார்.

"இதை நாய் ஏதாவது கடிச்சுதா?"

யாருக்கும் தெரியவில்லை. எல்லோரும் அக்காவைப் பார்த்தார்கள். "இல்லீங்க டாக்டரம்மா" என்றாள் அவள். "நாய் அண்டுனதே இல்லீங்க. என் கண்ணுலயே வெச்சு வளத்தனுங்க."

நான் அவள் சொன்னதைக் கேட்டேன். என் கண் அப்போது தற்செயலாகக் குழந்தையின் தலைக்குப் போனது. மொட்டைத் தலையில் அப்பியிருந்த சந்தனத்தில் மேலிருந்து கீழாகத் தடங்கள் ஓடியிருந்தன, ஏதோ வழிந்து காய்ந்த மாதிரி.

"இது என்ன?"

குழந்தையின் அப்பாவுக்கு அந்தக் கேள்வியில் கொஞ்சம் உயிர் வந்தது. "மொட்டை அடிச்சதும் கெடாத் தலைய புள்ளை தலையில முட்ட வெச்சோமுங்க. அவளுக்காக வளந்ததில்லீங்களா. அக்காதான் ரெண்டையும் சேத்துப் புடிச்சுது. வீடியோ இருக்குதுங்க, பாருங்க."

பார்த்தேன். அதை ஏன் பார்த்தோம் என்று இன்றுவரை இருக்கிறது. சின்னத் திரையில் அந்தக் கருப்புத் தலை, சற்றுமுன் சவரம் செய்து சந்தனம் பூசிய தலையின் மேல் சாய்கிறது. வாயிலிருந்து எச்சில் கொழகொழவென்று இறங்கி உச்சியில் விழுந்து காதோரம் வழிகிறது. குழந்தை கைகொட்டிச் சிரிக்கிறது. "கெடாவே ஆசீர்வாதம் பண்ணுது பாருங்கடா" என்று ஒரு குரல், அதைத் தொடர்ந்து எல்லோர் சிரிப்பும்.

வண்டியிலிருந்து கையுறையை எடுத்து மாட்டிக்கொண்டு வந்து சந்தனத்தைத் துடைத்தேன். கீழே சவரக்கத்தி பட்ட கீறல்கள். ஒன்றிரண்டில் ரத்தம் கடுகு போல உறைந்திருந்தது. வீடியோவில் எச்சில் விழுந்த அதே இடம். எழுந்து அப்பாவின் பக்கம் திரும்பினேன்.

"இது வெறிநோய் மாதிரி இருக்கு. நாய்க்கு வர்றதேதான், ஆட்டுக்கும் வரும். அந்த எச்சில் காயத்துல பட்டிருக்கு. குழந்தையை இப்பவே கீழே ஆஸ்பத்திரிக்குக் கொண்டு போகணும். நோய் வெளியே தெரிய ஆரம்பிச்சா உலகத்துல யாராலும் காப்பாத்த முடியாது. அதுக்கு முன்னால ஊசி போட்டுட்டா பயமில்லை. காயம் தலையிலே இருக்கு, மூளைக்குக் கிட்ட. காத்திருக்க நேரமில்லை."

நான் சொன்னது யார் காதிலும் ஏறவில்லை. ஆட்டுக்கு ஏதுங்க வெறி என்றார்கள். பூசாரி, "சாமி உத்தரவு குடுக்காம, பூசை முடியாம, புள்ளைய எல்லை தாண்டக் கொண்டு போகக்கூடாதுங்க. அப்புறம் ஒண்ணு கிடக்க ஒண்ணு ஆயிருச்சுன்னா?" என்றார். அவர் கெட்டவர் இல்லை. உண்மையாகவே அந்தக் குழந்தைக்காகப் பயந்தார்.

அப்பா என்னிடம் கெஞ்சுகிற மாதிரிக் கேட்டான். "நெசமாலுமே அதுதானுங்களா? உறுதியாச் சொல்லுங்க டாக்டரம்மா."

என்னால் உறுதியாகச் சொல்ல முடியவில்லை. மூளையைச் சோதித்தால்தான் உறுதி. ஆட்டை இப்படி ஆக்குகிற வேறு மூளைக்காய்ச்சலும் உண்டு. முன்னங்கால் ரணம் முள் குத்தியதாகவும் இருக்கலாம். "நாய் கடிச்சது தெரிஞ்சா சந்தேகமே இல்லை. தெரியலைன்னாலும் போயே ஆகணும்" என்றேன். அந்த 'தெரியலைன்னாலும்' அவனைத் தடுமாறவைத்தது. அவன் பூசாரியைப் பார்த்தான், கூட்டத்தைப் பார்த்தான், மறுபடி தரையைப் பார்த்தான். குழந்தையைத் தூக்கிக்கொண்டு நானே வண்டியில் ஏறி ஓடிவிடலாமா என்று யோசித்தேன். பொய்யில்லை, சாவி கையில் இருந்தது.

"கடிச்சுதுங்க."

அக்கா. சேலைத் தலைப்புக்குள் வைத்திருந்த கையை வெளியே எடுத்தாள். விரல்களில் மஞ்சள் பூசியிருந்தது, முட்டிகளில் பல் உரசிய கீறல்கள் இருந்தன.

"பலா பழுக்கையில, எங்கிருந்தோ ஒரு நாய் வந்து காலைக் கவ்விருச்சுங்க. நாந்தான் அடிச்சுத் துரத்துனேன். நாய் வாய் வெச்ச கெடா சாமிக்கு ஆகாதுங்க. மஞ்சளைப் போட்டுக் கட்டி, முடி மொளைக்கற வரைக்கும் ஆருக்கும் காட்டலைங்க. புதுசா ஒரு குட்டி வாங்கி அதை வளத்தி எடுக்கறதுக்குள்ள, வேண்டுதல் நிக்குதேன்னு சாமி கோவிச்சுக்கிட்டு எம்புள்ளைக்கு ஏதாச்சும் ஆயிருமோன்னு பயந்துட்டனுங்க." மூச்சு வாங்கினாள். "முந்தாநாள்ல இருந்து கெடா எதையும் முழுங்கலை. கெழங்கு சிக்கியிருக்குமோன்னு நாந்தான் வாய்க்குள்ள கையை உட்டுப் பாத்தேன்."

நாய் கடித்தது அவளுக்குத் தெரியும். கெடா ஏன் ஒதுக்கப்படும் என்பதும் தெரியும். அது சிலுப்பாமல் நின்றபோது குற்றம் யாருடையது என்பது அந்தக் கூட்டத்திலேயே அவள் ஒருத்திக்குத்தான் தெரிந்திருக்கும். ஆனாலும் அவள் முகம் தம்பி மனைவி பக்கம்தான் திரும்பியது. வேண்டுமென்றே செய்தாளா, பயத்தில் தானாகத் திரும்பியதா, எனக்குத் தெரியாது. இத்தனை பேர் முன்னால் கையை நீட்டி ஒப்புக்கொண்டதும் அவளேதான். இரண்டையும் ஒரே ஆள் செய்ததை என்னால் ஜீரணிக்க முடியவில்லை.

குழந்தையின் அம்மா அழுகையை நிறுத்திவிட்டாள். நாத்தனாரைப் பார்த்துக்கொண்டே நின்றாள். பிறகு என்னிடம் திரும்பி, "இப்ப நான் என்னங்க பண்ணோணும்?" என்றாள். அந்த இடத்தில் அப்படிக் கேட்ட முதல் ஆள் அவள்தான்.

தண்ணீர்த் தொட்டிக் குழாயடியில் குழந்தையை வைத்து, பாத்திரம் கழுவ வைத்திருந்த சோப்பால் தலையைக் கழுவினோம். கால்மணி நேரம் ஓடும் தண்ணீரில் கழுவ வேண்டும். குழந்தை வீறிட்டு அழுதது. அம்மா பல்லைக் கடித்துக்கொண்டு தேய்த்தாள். அக்காவும் பக்கத்தில் உட்கார்ந்து தன் கையைக் கழுவிக்கொண்டாள். பூசாரி மெல்ல வந்து, "நானும் வாய்ப்பக்கம் தொட்டனுங்க" என்று கையைக் காட்டினார். அவருக்கும் ஒரு சோப்புத் துண்டைக் கொடுத்தேன். கெடாவை மரத்தோடு கட்டி, யாரும் நெருங்காமல் காவல் போடச் சொன்னேன். அண்டாக்களை இறக்கிவிட்டார்கள்.

பிக்கப் வண்டியைக் குழந்தையின் அப்பா ஓட்ட, முன்சீட்டில் அம்மாவும் குழந்தையும். பின்னால் பூசாரி ஏறினார். அக்கா வண்டிக்குப் பக்கத்தில் வந்து நின்று, "நானும் வாரேன்" என்றாள். யாரிடம் கேட்கிறாள் என்று எல்லோருக்கும் தெரிந்தது.

"ஏறுங்க அண்ணி" என்றாள் தம்பி மனைவி, முன்னாலேயே பார்த்துக்கொண்டு. "நீங்களும் ஊசி போட்டுக்கோணும். எம்புள்ளைய மட்டும் இனித் தொடாதீங்க."

என் வண்டியில் நான் பின்தொடர்ந்தேன். அத்தனை கொண்டை ஊசி வளைவுகளையும் எப்படி இறங்கினேன் என்று நினைவில்லை. முன்னால் போன வண்டியின் பின்பக்கத்தில் அக்கா கம்பியைப் பிடித்துக்கொண்டு, டிரைவர் சீட்டுக்குப் பின்னாலிருந்த சின்னக் கண்ணாடி வழியாக உள்ளேயே பார்த்துக்கொண்டு வந்தது மட்டும் ஞாபகம் இருக்கிறது. ஆஸ்பத்திரியில் குழந்தையின் கீறல்களைச் சுற்றிச் சீரம் போட்டார்கள், தடுப்பூசியும் போட்டார்கள். கெடாவைத் தொட்ட மற்றவர்களும் அடுத்தடுத்து வந்து போட்டுக்கொண்டார்கள். கெடா கட்டிய இடத்திலேயே செத்தது. தலையை எடுத்துப் பெட்டியில் ஐஸ் வைத்து நானேதான் ஆய்வகத்துக்கு அனுப்பினேன். வெறிநோய்தான் என்று பதில் வந்தது. அந்தக் குழந்தையின் ஊசித் தவணைகள் முடியும்வரை நான் சரியாகத் தூங்கவில்லை. அது தும்மினால்கூட எனக்குப் போன் வந்தது.

குழந்தைக்கு ஒன்றும் ஆகவில்லை. அக்காவுக்கும் ஆகவில்லை. மழைக்காலம் கழிந்து, அவர்கள் பசு சினையா என்று பார்க்கப் போயிருந்தேன். வாசலில் அம்மா மரவள்ளிக் கிழங்கின் தோலைச் சீவிக்கொண்டிருந்தாள். சரியாகப் பேசினாள், எனக்கு மோர் கொடுத்தாள். குழந்தை நடக்கப் பழகியிருந்தது, தலைநிறைய முடி. கொல்லையிலிருந்து அக்கா புல்லுக்கட்டோடு வந்தாள். கட்டை இறக்கிப் போட்டதுதான் தாமதம், குழந்தை "அத்தே" என்று கூவிக்கொண்டு ஓடி, இரண்டு கைகளையும் மேலே தூக்கி அவள் முன்னால் நின்றது.

அக்கா இரண்டு கைகளையும் முதுகுக்குப் பின்னால் கட்டிக்கொண்டாள். கட்டிக்கொண்டு தம்பி மனைவியைப் பார்த்தாள்.

எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. இத்தனை மாசமாகவா? ஒரே வீட்டில், ஒரே உலையில் சாப்பிட்டுக்கொண்டு?

"நான் திரும்ப ஒண்ணும் சொல்லலீங்க டாக்டரம்மா" என்றாள் அம்மா, கிழங்கிலிருந்து கண்ணை எடுக்காமல். "அன்னிக்கு வண்டியில சொன்னதுதான்."

"அது அன்னைக்குப் பயத்துல சொன்னது. இப்போ பயமில்லையே" என்றேன்.

கத்தி தோலைச் சீவிக்கொண்டே இருந்தது. தூக்கிய கைகள் வலித்திருக்க வேண்டும், குழந்தை அவற்றை இறக்கி அத்தையின் சேலையைப் பிடித்துக்கொண்டு அழத் தொடங்கியது. அக்கா அப்படியே நின்றாள், பின்னால் கோத்திருந்த விரல்களை இன்னும் இறுக்கிக்கொண்டு.